வட கொரியக் கப்பற்படையும் என் கல்யாணமும்

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இந்தக் கதையில் நான் செய்த மற்ற எல்லாக் கோமாளித்தனத்தையும்விட அந்தக் கோபம்தான் பெரிய வேலை பார்த்தது.

இரண்டாயிரத்துக்குப் பிறகு மூன்று நான்கு வருஷம் கழிந்திருக்கும். ஜெபல் அலியில் கப்பல் உதிரி பாகங்கள் வந்து இறங்கும் ஒரு கிடங்கில் எனக்கு வேலை. பெட்டியை உடைக்க வேண்டும், உள்ளே இருப்பதை லிஸ்டோடு சரிபார்க்க வேண்டும், அலமாரியில் ஏற்ற வேண்டும். ஒருநாள் ஒரு பெட்டியில் பம்பு ஆடாமல் இருப்பதற்காகப் பழைய காகிதங்களைக் கசக்கித் திணித்திருந்தார்கள். குப்பையில் போடுவதற்காக எடுத்தவன் விரித்துப் பார்த்தேன். ஏதோ இங்கிலீஷ் பத்திரிகையின் பக்கங்கள். அட்டை இல்லை, முதல் இல்லை, கடைசி இல்லை. நடுவில் பதினாறு பக்கம் மட்டும் வரிசையாக இருந்தது. அந்தப் பதினாறும் வட கொரியாவின் போர்க்கப்பல்களைப் பற்றியது.

நாங்கள் தங்கியிருந்த கேம்ப்பில் ஒரே டி.வி. ரிமோட் யார் கையில் இருக்கிறது என்பதில் தினமும் சண்டை. போய் உட்கார்ந்தால் நானும் அடித்துவிடுவேன் என்ற பயத்தில் ரூமிலேயே கிடப்பேன். அதனால் அந்தப் பதினாறு பக்கத்தையும் தேய்த்து நிமிர்த்தி, பாக்கெட் டிக்‌ஷனரியை வைத்துக்கொண்டு படித்தேன். பாருங்கள், ஒரு மனுஷன் ஒரே விஷயத்தை நாற்பது தடவை படித்தால் என்ன ஆவான்? நிபுணன் ஆவான். உலகத்தில் மற்ற எந்த நாட்டுக் கப்பற்படை பற்றியும் எனக்கு மூன்று வார்த்தை தெரியாது. நம் இந்தியாவுக்கு எத்தனை கப்பல் என்று கேட்டால் முழிப்பேன். வட கொரியா என்றால் தூக்கத்தில் எழுப்பினாலும் சொல்வேன்.

என் ரூமில் அரியலூர்ப் பக்கத்திலிருந்து வந்த ஒரு தம்பி இருந்தான். ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவன். ஃப்ளைட்டில் வரும்போது ஜன்னல் வழியாகத்தான் முதன்முதலில் கடலையே பார்த்தவன். நான் படிப்பதையெல்லாம் அவனிடம் ஒப்பிப்பேன்.

"அந்த நாட்டுக்குக் கிழக்கேயும் கடல், மேற்கேயும் கடல். ரெண்டு பக்கமும் ரெண்டு கப்பற்படை. ஆனா நடுவுல தென் கொரியா வால் மாதிரி நீட்டிக்கிட்டு இருக்கறதால சண்டைன்னு வந்தா இது அங்க போக முடியாது, அது இங்க வர முடியாது."

"நம்ம ரூம்ல டே டூட்டிக்காரனும் நைட் டூட்டிக்காரனும் மாதிரிண்ணே. ஒரே பாய்ல படுக்கறான், மூஞ்சியப் பாத்ததில்ல."

இதைவிட நன்றாக அந்தப் பத்திரிகைக்காரனே எழுதவில்லை.

அப்படி இருக்கையில்தான் என் கை கிழிந்தது. பெட்டியைச் சுற்றிக் கட்டியிருந்த இரும்புப் பட்டையை வெட்டியபோது அது துள்ளி வந்து உள்ளங்கையில் கோடு போட்டுவிட்டது. கிளினிக்கில் நான்கு தையல். ஒருநாள் விட்டு ஒருநாள் கட்டு மாற்ற வரச் சொன்னார்கள். கட்டு மாற்றிய நர்ஸ் தமிழ். கன்னியாகுமரிக் கடற்கரை. பேச்சைக் கேட்டதுமே தெரிந்தது.

"வலிக்கா?" என்று கேட்டாள்.

வலிக்கவில்லை என்று சொன்னால் பேச்சு முடிந்துவிடும். வலிக்கிறது என்றால் ஆண்பிள்ளைக்கு அழகில்லை. என்ன செய்வது என்று தெரியாமல், "வட கொரியாவுக்கு ரெண்டு கப்பற்படை, தெரியுமா?" என்றேன்.

சத்தியமாகச் சொல்கிறேன், ஒரு பெண்ணிடம் நான் பேசிய முதல் காதல் வசனம் இதுதான். அவள் பஞ்சைக் கையில் வைத்துக்கொண்டு என்னை ஒரு நிமிஷம் பார்த்தாள். தலையிலும் அடிபட்டிருக்கிறதா என்று நினைத்திருப்பாள். பிறகு, "தெரியாதே, சொல்லுங்க" என்றாள். நான் அன்றைக்கே விழுந்துவிட்டேன்.

பள்ளிக்கூடத்தில் தென்னைமரக் கட்டுரை மட்டும் படித்துக்கொண்டு போனவன், பசுமாட்டைப் பற்றி எழுதச் சொன்னதும் மாட்டைத் தென்னைமரத்தில் கட்டிவிட்டு மரத்தைப் பற்றி எழுதினானாம். என் காதலும் அப்படித்தான். ஒவ்வொரு கட்டுக்கும் ஒரு தவணை. இரண்டாம் கட்டில் அமெரிக்க உளவுக் கப்பல் ஒன்றை அவர்கள் அறுபதுகளில் பிடித்து வைத்துக்கொண்டு, திருப்பிக் கொடுக்காமல், தலைநகரத்து ஆற்றில் நிறுத்தி ஜனங்களுக்குச் சுற்றிக் காட்டுகிற கதை. "பிடிச்சது கிழக்குக் கடல்ல. நிறுத்தியிருக்கறது மேற்குப் பக்கம். நடுவுல இருக்கற தென் கொரியாவச் சுத்தி, யாருக்கும் தெரியாம எப்படிக் கொண்டு போனாங்கன்னு கேளுங்க" என்றேன். அவள் கேட்டாள். எனக்குத் தெரியாது, பத்திரிகையில் அந்த இடத்தில் எண்ணெய்க் கறை. மூன்றாம் கட்டில் இரண்டு உடம்பும் ஒரே தளமுமாகக் கட்டிய விசித்திரமான கப்பல். காற்றடித்து மிதந்து ஓடும் ஹோவர்கிராஃப்டுக்கு வருவதற்குள் கை ஆறித் தொலைந்தது.

"தையல் பிரிச்சாச்சு. இனி வர வேண்டாம்" என்றாள்.

"ஹோவர்கிராஃப்ட் பாக்கி இருக்கு" என்றேன்.

அவள் சிரித்துவிட்டு, ஒரு சீட்டில் ஃபோன் நம்பரை எழுதிக் கொடுத்தாள். மருந்துச் சீட்டு மாதிரியே எழுதியிருந்தாள், சாப்பாட்டுக்குப் பின் என்று அடியில் போட்டு.

ஆறு மாதம் ஃபோனிலேயே ஓடியது. லீவு நாளான வெள்ளிக்கிழமை மாதா கோயிலில் பூசை முடிந்ததும் பத்து நிமிஷம் பார்ப்போம். பிறகு ஒருநாள் அவள் விஷயத்தைச் சொன்னாள். அவளுடைய அப்பாவும் இங்கேதான், துறைமுகத்துப் பக்கம் ஏதோ சூப்பர்வைசராக இருக்கிறார். அதற்கு முன்னால் பதினைந்து வருஷம் நேவியில் இருந்தவர்.

"அப்பா ஒரே பிடியா நிக்காவ. இரும்புக் கப்பல்ல போறவனுக்குத்தான் பொண்ணாம். மரத்துல போறவன் வீட்டுக்குக் கிடையாதாம். வள்ளம், வல, மீனு, இந்தப் பேச்சே ஆவாது. ஏன்னு கேட்டா எழும்பிப் போயிருவாவ. உங்க வீட்டுல யாரும் கடலுக்குப் போறது இல்லதானே?"

எங்கள் அப்பா அன்று காலையில்கூடக் கடலுக்குப் போயிருப்பார். துபாய்க்கு வருவதற்கு முன் ஆறு வருஷம் நானும் அவர் கூடப் போனவன். வீட்டின் பின்பக்கம் காய்வது முழுக்க வலை. "எங்களுக்கு மரைன் லைன்" என்றேன். பொய் இல்லை, ஒரு விதத்தில். அவள் அப்பா எங்கள் ஊர்ப் பங்குச் சாமியாருக்கு ஒரு கடிதம் போட்டால் மூன்று நாளில் குட்டு உடைந்துவிடும் என்று எனக்குத் தெரியும். ஆனால் அவளை விட்டுவிட எனக்கு மனசு வரவில்லை. முதலில் அவர் சம்மதிக்கட்டும், பிறகு காலில் விழலாம் என்று கணக்குப் போட்டேன்.

வெள்ளிக்கிழமை பூசை முடிந்து கோயில் வளாகத்தில் கூரைக்கு அடியில் பெண்ணின் அப்பாவைச் சந்திப்பதாக ஏற்பாடு. முந்தின நாள் முழுக்க அரியலூர்த் தம்பிக்கு டிரெய்னிங் கொடுத்தேன்.

"பேச்சு வீட்டுப் பக்கம் திரும்புனா நீ உடனே ஒரு கேள்வி கேக்கணும். மூணு கேள்வி. ஒண்ணு, ரெண்டு கப்பற்படை. ரெண்டு, அமெரிக்கக் கப்பல். மூணு, ஹோவர்கிராஃப்ட். நான் பிடிச்சுக்கிட்டு ஓடிருவேன்."

"அந்த நீர்மூழ்கி கதை கேக்கட்டுமாண்ணே? அதான் சூப்பரா இருக்கும்."

"அத மட்டும் கேட்ட, கழுத்த நெரிச்சிருவேன்."

அவளிடம்கூட நான் சொல்லாமல் விட்டது அந்த ஒரு கதைதான். அதில் மீன்வலை வருகிறது.

பெண்ணின் அப்பா ஆறடி உயரம். இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை. நடுவில் ஃபிளாஸ்க்கை வைத்துக்கொண்டு, காகிதக் கப்பில் டீ ஊற்றித் தந்தார். நர்ஸ் அவருக்குப் பக்கத்தில் என்னைத் தெரியாதவள் மாதிரி உட்கார்ந்திருந்தாள். தம்பி, எங்கே வாங்கினானோ, கட்டம் போட்ட அரபுத் துண்டைக் கழுத்தில் சுற்றிக்கொண்டு வந்திருந்தான்.

"சார் நேவில எந்தக் கப்பல்ல இருந்தீங்க?" என்று நான் மரியாதையாக ஆரம்பித்தேன்.

"பெரிய கப்பல்" என்று சொல்லிவிட்டு டீயைக் குடித்தார்.

"விமானந்தாங்கியா சார்?"

"பெருசுன்னு சொல்லுதேன்லா." அவருக்கு ஏனோ அந்தப் பேச்சு பிடிக்கவில்லை. "அத விடும். உம்ம அப்பாவுக்கு என்ன சோலி?"

நான் தம்பியைப் பார்த்தேன். அவன் பள்ளிப் பையன் மாதிரி எழுந்தே நின்றுவிட்டான். "அண்ணே! வட கொரியாவுக்கு எத்தன கப்பற்படைண்ணே?"

நான் சொன்னேன். அவர் கேட்டுக்கொண்டார். "நம்ம நாட்டுக்கும்தான் கிழக்க ஒண்ணு மேக்க ஒண்ணு உண்டு. அதுல என்ன அதிசயம்?" என்றார். எனக்கு அது தெரியவே தெரியாது. முழித்தேன்.

"சரி, உம்ம அப்பா..."

"அண்ணே! அமெரிக்கக் கப்பல் ஒண்ணப் புடிச்சாங்களாமே?"

அதையும் சொன்னேன். "பழைய சமாச்சாரம். எல்லாவனுக்கும் தெரியும்" என்றார். மூன்றாவது கேள்வியைத் தம்பி அவர் வாயைத் திறப்பதற்கு முன்பே கேட்டுவிட்டான். ஹோவர்கிராஃப்டைப் பாதிதான் சொல்லியிருப்பேன், அவர் மகளிடம் திரும்பி, "இந்தப் பயலுக்கு வேற நாடே தெரியாதா?" என்றார். அவள் குனிந்து செருப்பைப் பார்த்தாள். தோள் குலுங்கியது, சிரிக்கிறாள்.

"நான் கேட்டதுக்குப் பதில் வரலியே. உம்ம அப்பாவுக்கு என்ன சோலி?"

கேள்விகள் தீர்ந்துவிட்டன. தம்பி என்னைப் பார்த்தான், அவரைப் பார்த்தான். நெற்றியில் வியர்வை. நான் வேண்டாம் என்று கண்ணால் சொல்வதற்குள், "அண்ணே! ஒரு நீர்மூழ்கிக் கப்பல் மீன் வலைல மாட்டிக்கிச்சாமே!" என்று கத்தினான்.

பாவி. பக்கத்து மேஜையில் இருந்தவர்கள்கூடத் திரும்பினார்கள்.

பெண்ணின் அப்பாவோ முதல் தடவையாக நிமிர்ந்து உட்கார்ந்தார். "வலையிலயா? நெசமாவா?" என்றார்.

வேறு வழி இல்லாமல் சொன்னேன். தொண்ணூறுகளின் கடைசியில் வட கொரியாவின் சின்ன நீர்மூழ்கி ஒன்று தென் கொரியக் கடலுக்குள் வேவு பார்க்கப் போயிருக்கிறது. அங்கே மீனவர்கள் விட்டிருந்த வலையில் சிக்கிக்கொண்டது. ரேடார் பார்க்கவில்லை, போர்க்கப்பல் பார்க்கவில்லை, மீன் பிடிக்கப் போனவர்கள் பார்த்துத் தகவல் சொன்னார்கள்.

அவர் தொடையில் தட்டிச் சிரித்தார். சிரித்தபடியே, "மீன்காரப் பயலுவளுக்கு என்னைக்கும் ஒரு வெவஸ்த கெடையாது. கண்ட எடத்துல வலைய விட்டுட்டுப் போயிருவானுவ. மடப்பயலுவ" என்றார்.

அவ்வளவுதான். எனக்குக் கோபம் எங்கிருந்துதான் வந்ததோ, காது சூடாகிவிட்டது.

"யாரு சார் மடப்பய? அது வழிவலை சார்! நீரோட்டத்தோட மெதந்து போற வலை. கண்ட எடத்துல விட மாட்டான். நீரோட்டம் பாத்து, காத்து பாத்து, மீன் வர்ற நேரம் பாத்து விடுவான். அவன் கடல்ல அவன் விட்டான். திருட்டுத்தனமா வந்தவன் மாட்டுனா வலை விட்டவனா மடையன்?"

நர்ஸ் நிமிர்ந்தாள். தம்பி என் சட்டையைப் பிடித்து இழுத்தான். எனக்கு ஒன்றும் ஏறவில்லை.

"அந்த நீர்மூழ்கில இருந்தவங்க மேல ஏறி வந்து வலையப் பிரிக்கப் பாத்திருக்காங்க சார். பத்திரிகைல இருக்கு. எப்படிப் பிரிச்சிருப்பான்? புடிச்சு இழுத்திருப்பான்! இழுக்கவே கூடாது சார். எலே, துண்டக் குடு!"

தம்பியின் கழுத்திலிருந்து துண்டை உருவி, ஃபிளாஸ்க்கில் குறுக்கும் நெடுக்குமாகச் சுற்றினேன். "இதான் கப்பல். இப்ப இழுக்கறேன், பாருங்க. இறுகுதா? இஞ்சின ஓட்டுனா இன்னும் சுத்தும். அதனால மொதல்ல இஞ்சின நிறுத்தணும். கப்பல ஓட்டத்தோட போக விடணும். வலை தானாத் தளரும். தளர்ந்ததும் மேல் கயித்தத் தேடிப் புடிச்சு, சுத்துனதுக்கு எதிர்ப் பக்கமா, இப்படி, இப்படி..." துண்டு இரண்டே சுற்றில் என் கையோடு வந்தது. "இதுக்கு ஒரு மீன்காரன் போதும் சார். அவனுவள்ல ஒரே ஒருத்தன் மீன்காரனா இருந்திருந்தா, ஒம்பது பேரும் வீட்டுக்குப் போயிருப்பான். கப்பலோட முங்கிட்டான். வெளிய எடுத்தப்ப ஒருத்தனும் உசுரோட இல்ல."

சொல்லி முடித்துத் துண்டைத் தம்பியிடம் நீட்டினேன். பெண்ணின் அப்பா என் முகத்தைப் பார்க்கவில்லை. என் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எத்தன வருஷம்?" என்றார்.

"எது சார்?"

"கடல்ல."

கோபம் போன இடம் தெரியவில்லை. இனி என்ன பொய் சொல்லி என்ன? "ஆறு வருஷம் சார். அப்பா இப்பவும் போறாவ."

நர்ஸின் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை. ஆறு மாதமாக ஒரு நாட்டுக் கப்பற்படை முழுவதையும் அவளுக்குச் சொன்னவன், என் வீட்டைப் பற்றி ஒரு வார்த்தை உண்மை சொல்லவில்லை. வெட்கமாக இருந்தது.

தம்பிக்கு மட்டும் இன்னும் நம்பிக்கை இருந்தது. "அண்ணே, அந்த ரெண்டு கப்பற்படை..." என்று ஆரம்பித்தான்.

"நீ சும்மா இருடே" என்றார் அவர். கோபமாக இல்லை. ஃபிளாஸ்க்கை எடுத்துத் தன் பக்கம் வைத்துக்கொண்டார். எழுந்து போகப்போகிறார் என்று நினைத்தேன். போகவில்லை.

"இஞ்சின நிறுத்திட்டுத் தளர விட்டா, கழண்டிருக்குமா?" என்றார்.

"கழண்டிருக்கும் சார்."

"நல்லாத் தெரியுமா?"

"எங்க புரொப்பெல்லர்ல ரெண்டு மூணு தடவ சிக்கியிருக்கு சார்."

அவர் தலையை ஆட்டினார். "எங்க வள்ளத்துலயும் வல சிக்குனப்ப எங்க அண்ணன் தண்ணிக்குள்ள எறங்குனான். கத்தியோட. நான் மேல நின்னு இழுத்தேன். எனக்கு அப்ப பதினெட்டு வயசு. இழுத்துக்கிட்டே இருந்தேன். அவன் மேல வரல" என்றார்.

நர்ஸ் அவர் கையைப் பிடித்தாள். இது அவளுக்கும் புதிது என்று அவள் முகத்தில் தெரிந்தது. கழண்டிருக்கும் என்று இரண்டு தடவை அடித்துச் சொன்ன வாயை அறைந்துகொள்ளலாம் போல இருந்தது.

"மாமா" என்றேன். அந்தச் சொல் தானாக வந்துவிட்டது. "இங்க ஃபிளாஸ்க்க வச்சுக்கிட்டு எவனும் சொல்லுவான். நம்ம ஆளு தண்ணிக்குள்ள இருந்தா நானும் இழுக்கத்தான் செய்வேன். எங்க அப்பாவும் இழுப்பாவ. பயத்துல எல்லாரும் இழுக்கத்தான் செய்வாங்க மாமா."

அவர் கண்ணாடியைக் கழற்றி, அந்த வெள்ளைச் சட்டை நுனியில் துடைத்தார். வெகுநேரம் துடைத்தார். பிறகு மகளிடம், "நேவில நான் பெரிய கப்பல்லதான் இருந்தேன், பொய் இல்ல. பதினஞ்சு வருஷமும் அடுப்படியில. சாம்பார், சோறு, சப்பாத்தி. கடலப் பாக்கப் பிடிக்காமத்தான் அந்த வேலைய வாங்குனேன். இந்தப் பய விமானந்தாங்கியான்னு கேக்கான்" என்றார்.

தம்பி முதலில் சிரித்தான். அப்புறம் அவள். அப்புறம் அவரே. நான் மட்டும் சிரிக்கவில்லை. எனக்கு இன்னும் தீர்ப்பு வரவில்லையே.

அவர் சட்டைப் பையிலிருந்து மொபைலை எடுத்தார். "வீட்டு நம்பரச் சொல்லும்."

சொன்னேன். ஊரில் அம்மாதான் எடுத்தாள். வெளிநாட்டு ஃபோன் என்றால் கத்தினால்தான் கேட்கும் என்பது அம்மாவின் நம்பிக்கை. அதனால் அவள் பேசியது நான்கு பேருக்கும் கேட்டது, பக்கத்து மேஜைக்கும் கேட்டிருக்கும்.

"யாரு? துபாயா? அவுக இல்லியே! கடலுக்குல்லா போயிருக்காவ!"

அவர் ஒரு நொடி கண்ணை மூடினார். நர்ஸ் அவர் கையை விடவில்லை.

"கரைக்கு வந்ததும் சொல்லுங்கம்மா. பொண்ணு வீட்டுலருந்து பேசுனோம்னு சொல்லுங்க" என்றார்.